கோழி முட்டையைத் திருப்பி எடுத்த நாள்

காலையில் எழுந்ததும் காலண்டரில் தாளைக் கிழிப்பது ஊர் வழக்கம். கிழிக்கவே விடாமல் ஒரே நாளைப் பிடித்துக் கட்டிப்போட்டு வைத்த ஆள் இந்த உலகத்திலேயே ஒருவர்தான். அவர் சங்ககிரியில் லாரி எடைமேடை பார்த்துக்கொண்டிருந்தார். அவருடைய நிஜப் பெயர் ஆதார் அட்டைக்குத் தெரிந்திருக்கும். எங்களுக்கு அவர் தராசண்ணன்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எனக்கு அந்த மனிதர் மேல் பொறாமை. இருந்தது என்று சொல்லவில்லை, இருக்கிறது. இன்று காலையில் பல் தேய்க்கும்போதுகூட இருந்தது.

எடைமேடைக்கு நேர் எதிரில், ரோட்டுக்கு இந்தப் பக்கம் ஒரு லாரி புக்கிங் ஆபீஸ். நான் அங்கே கிளார்க். டிரைவர்கள் வாயில் 'புக்கிங்கண்ணா'. லோடு கிடைக்கும்வரை அவர்கள் உட்கார ஆபீஸ் வாசலில் ஒரு நீளப் பெஞ்சு போட்டிருக்கிறோம். பெயருக்குத்தான் அது முதலாளியின் பெஞ்சு. அதை ஆண்டு வந்தவன் நான். பள்ளிக்கூடத்துக்கும் எனக்கும் எட்டாவதோடு ஒத்துவரவில்லை. அதற்குப் பிறகு நான் படித்ததெல்லாம் மனிதர்களின் வாயைத்தான். யார் எங்கே ருசியாக ஒரு வார்த்தை சொன்னாலும் அது என் காதில் ஒட்டிக்கொள்ளும். மறுநாள் பெஞ்சில் அதை நான் எடுத்துவிட வேண்டும், டிரைவர்கள் சிரிக்க வேண்டும். எனக்கு அதுதான் சம்பளம். ஆபீஸில் கொடுப்பது போக்குவரத்துப் படி.

ஒரு உதாரணம். எங்கள் ரோட்டில் முட்டைக்கடை வைத்திருப்பவர் பாவாயி அக்கா. ஒருநாள் அட்டை அட்டையாக வாங்கிக்கொண்டு போன ஓட்டல்காரர், ஒரு முட்டை கீறல் என்று திரும்பி வந்து கத்தினார். அக்கா நிதானமாகச் சொன்னார்: "சத்தத்தக் கொறைங்க. எனக்குக் கோவம் வந்துச்சுன்னா, இட்ட முட்டையக் கோழியே திருப்பி எடுத்துக்கும்." ஓட்டல்காரர் வாயை மூடிக்கொண்டு போய்விட்டார். இதை நான் பெஞ்சில் சொன்னபோது, ஆட்டையாம்பட்டி செல்வராசுவுக்கு டீ மூக்கு வழியாக வந்தது. செல்வராசு எங்கள் டிரைவர்களில் பெரிய சிரிப்புக்காரன். அவன் சிரித்தால் பக்கத்து டயர்க்கடையில் வேலை நிற்கும். அப்படி ஒரு பொற்காலம்.

அதற்குள்தான் தராசண்ணன் மொபெட்டை விட்டார்.

அந்த மொபெட்டைப் பற்றியும் சொல்ல வேண்டும். எடைமேடை அறையிலிருந்து டீக்கடைக்கு எட்டிக் கைநீட்டினால் டம்ளரை வாங்கிவிடலாம். அந்தத் தூரத்துக்கும் அவர் மொபெட்டில்தான் போவார். முழங்கால் இரண்டும் அவருடன் பேச்சுவார்த்தையை முறித்துக்கொண்டு ரொம்ப நாளாகிவிட்டது. நின்றால் வலி, நடந்தால் வலி. ஆகவே உட்கார்ந்துகொண்டே இருப்பார். லாரி மேடையில் ஏறியதும் ஜன்னல் வழியாகத் தலையை மட்டும் நீட்டி, "டிரைவர் சாமி, எறங்கி நில்லுங்க. உங்க கவலையும் சேந்து எடையில ஏறுது" என்பார். சீட்டு அடித்துக் கொடுப்பார். தலை உள்ளே போய்விடும். அவ்வளவுதான் மனிதர். அவரால் எனக்கு ஆபத்து வரும் என்று சொல்லியிருந்தால் நான் சிரித்திருப்பேன்.

ஒரு மதியம் கரண்டு போனது. எடைமேடை செத்தது. லாரிகள் வளைவு வரைக்கும் வரிசையாக நின்றுவிட்டன. டிரைவர்கள் எல்லாம் ஜன்னலுக்கு முன்னால் கூடிக்கொண்டு, "எப்பங்க கரண்டு வரும்? எந்நேரமுங்க ஆகும்? இன்னிக்கி லோடு எறக்கோணுமுங்க!" என்று ஒரே கூச்சல். இந்தக் கூட்டத்தை எப்படியாவது என் பெஞ்சுக்கு இழுத்துவிடலாம் என்று நான் தொண்டையைச் செருமினேன். அதற்குள் ஜன்னலில் தலை வந்தது.

"எங்கூர்ல ஆரும் இப்பிடிக் கேக்க மாட்டாங்க சாமி."

"உங்கூரு ஜலகண்டாபுரம்தானுங்க? அங்கயும் கரண்டு போகுமுங்களே" என்றான் செல்வராசு.

"அது பொறந்த ஊரு. நாஞ் சொல்றது நெனச்ச ஊரு."

"நெனச்ச ஊருன்னா?"

"நானா நெனச்சு வெச்சிருக்கற ஊரு. இங்க உக்காந்து வேற என்ன பண்றது? அங்க சூரியன் ரெண்டு. ஒண்ணு தூங்குனா ஒண்ணு முழிச்சுக்கும். இருட்டுங்கறதே கெடையாது. அப்பிடியிருந்தா, நாளு முடிஞ்சுதுன்னு எப்பிடிக் கண்டுபுடிப்பீங்க, சொல்லுங்க பாக்கலாம்?"

கூட்டம் ஜன்னலுக்கு இன்னும் நெருங்கியது. ஒரு கூட்டம் எப்போது கதைக்குள் விழும் என்று எனக்குத் தெரியும். தொழில்காரன் அல்லவா? இது விழுந்துவிட்டது.

அவர் சொன்னது இது. அந்த ஊரில் ஒரு சாமி உண்டு. அதற்குக் கோயில் கிடையாது. ஒரு இடத்தில் உட்காராது. நடந்துகொண்டே இருக்கும். பக்தர்கள் பின்னாலேயே நடக்க வேண்டும். அவர்களுக்குப் பின்னடியார் என்று பெயர். சாமியின் முகத்தை யாரும் பார்த்ததில்லை, முதுகுதான் தரிசனம். காலில் பலம் உள்ளவன் முன்னால் போவான், குழந்தையை இடுப்பில் வைத்திருப்பவள் நடுவில் வருவாள், இன்னும் சிலர் எங்கோ பின்னால். முன்னால் போனவர்கள் ஒரு மரத்தடியில் உட்கார்ந்துவிடலாம். ஆனால் நாள் முடியாது. கடைசியில் நடந்து வருகிற ஆள் வந்து சேர்ந்து, உட்கார்ந்து, "வந்துட்டனுங்க" என்று சொன்னால்தான் அன்றைய நாள் முடிந்தது. அந்த ஆளுக்குக் கடைசியார் என்று பெயர்.

"அவன் மூணு நாள் கழிச்சு வந்தானுங்கன்னா?"

"மூணு நாளுன்னு நீங்க சொல்றீங்க. அவங்களுக்கு அது ஒரே நாளு."

"தேதி நம்பருங்க?"

"நம்பரு எதுக்கு? பேருதான். கடைசியார் வாற வழியில காதுல கேட்டதச் சொல்லுவாரு. அதுல எது ருசியோ அது அன்னிக்கி நாளுக்குப் பேரு."

"மாசமுங்க?"

"எல்லாத்துக்கும் பொதுவா ஒரு உப்பு மூட்ட. அது ஒருத்தரு தோள்ல இருந்து இன்னொருத்தரு தோளுக்கு மாறுனா மாசம்."

"வருசமுங்க?"

"சாமி ஒருக்கா திரும்பிப் பாத்தா வருசம்."

"பாத்துச்சுங்களா?"

"இன்னுமில்ல. பின்னால ஆளு வாறது அதுக்குத் தெரியாதாட்ட இருக்குது."

"அப்ப ஆருக்குமே ஒரு வயசுகூட ஆகலீங்களா!" என்றான் செல்வராசு. அவன் சிரிப்பில் டயர்க்கடையில் வேலை நின்றது. என் பெஞ்சுக்காகவே படைக்கப்பட்ட சிரிப்பு அது. ரோட்டுக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டு அதைக் கேட்டேன். கரண்டு வந்த பிறகும் ஒருவனும் லாரியில் ஏறவில்லை.

அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. லோடு விவரம் போடுவதற்காக நான் ஒரு வாட்ஸ்அப் குரூப் வைத்திருக்கிறேன். நான் ஆரம்பித்தது, நான்தான் அட்மின். மறுநாள் காலையில் அதில் தராசண்ணனின் குரல் வந்தது. "பின்னடியாருங்க எல்லாருக்கும் கும்புடுங்க. ஆரு ஆரு எங்க போய்ச் சேந்தாலும் 'வந்துட்டனுங்க'ன்னு ஒரு வார்த்த போட்டுருங்க. கடைசி ஆளு போட்டாத்தான் நாளு முடியும்."

அன்று மாலை என் போன் அடுப்பில் வைத்த கடுகு மாதிரி வெடித்தது. நாக்பூரிலிருந்து ஒருவன் 'வந்துட்டனுங்க'. விஜயவாடாவிலிருந்து ஒருவன் 'வந்துட்டனுங்க'. பெருந்துறைக்குப் போனவன்கூட, சோடா குடிக்கிற நேரத்தில் போகிற ஊர் அது, 'வந்துட்டனுங்க'. எல்லோரும் சேர்ந்ததும் தராசண்ணன் குரல்: "கடைசியார் வந்துட்டாருங்க. நாளு முடிஞ்சுது. இன்னிக்கி நாளு பேரு, மாமியா சிரிச்ச நாளு." அதற்குக் கீழே கும்பிடும் கைகள், பூ, தீபம், ஒருவன் லாரிப் படம்.

நானும் மனிதன்தானே? மறுநாள் நானும் குரல் போட்டேன். பத்து வருசமாகச் சேர்த்து வைத்ததில் முத்து முத்தான பேச்சாகப் பொறுக்கி எடுத்து, ஏற்ற இறக்கத்தோடு பேசினேன். மதியம் வரைக்கும் பதில் இல்லை. மதியத்துக்கு மேல் ஒருவன் எழுதினான்: "லோடு எங்கிருந்துங்கண்ணா?" நான் பேசியதை அவன் லோடு விவரம் என்று நினைத்துவிட்டான். கேட்டுக்கூடப் பார்க்கவில்லை.

தராசண்ணன் காலண்டர் வளர்ந்தது. எடைச் சீட்டில் மெசின் தேதி அடிக்கும். அவர் அதன் பின்புறம் பேனாவால் நாளின் பெயரையும் எழுத ஆரம்பித்தார். நாமக்கல் பக்கம் ஒரு கோழித்தீவன ஆலைக்கு மக்காச்சோளம் போனது. அங்கே ரசீது போடுகிற பையன் சீட்டைத் திருப்பிப் பிடித்து, தேதி இருக்க வேண்டிய இடத்தில் அதை அப்படியே கம்ப்யூட்டரில் ஏற்றிவிட்டான். ஆலை மேனேஜர் எனக்குப் போன் போட்டார்.

"ஏனுங்க, சரக்கு எடை போட்ட தேதி 'கொழுந்தனாருக்குக் கொட்டாவி வந்த நாள்'னு இருக்குதுங்களே. அது போன வாரமுங்களா இந்த வாரமுங்களா?"

எனக்கு உள்ளுக்குள் தீபாவளி. இதோடு தொலைந்தார் என்று, "அத நீங்க அவருகிட்டயே கேளுங்க" என்று தராசண்ணன் நம்பரைக் கொடுத்தேன். சாயந்தரம் மேனேஜர் மறுபடியும் கூப்பிட்டார். குரலே மாறியிருந்தது. "அந்தக் குரூப்புல என்னையும் சேத்துவுடுங்க சாமி. அந்த உப்பு மூட்ட இப்ப ஆரு தோள்ல இருக்குது?"

அட்மின் என்கிற முறையில் நானே சேர்த்துவிட்டேன். என் விரலால்.

அடுத்து செல்வராசுவின் சம்சாரம் ராணி வந்தாள். கௌஹாத்திக்குப் போயிருந்த செல்வராசு, அடுத்த நாளே கிளம்புகிறேன் என்று சொல்லிவிட்டு அங்கேயே அசையாமல் இருந்திருக்கிறான். கேட்டால், 'நாளு இன்னும் முடியலியே, அடுத்த நாளு எப்பிடி வரும்' என்று போனில் நியாயம் பேசியிருக்கிறான். ராணி சேலை முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு எடைமேடைக்குப் போனாள். நான் பெஞ்சில் நல்ல இடமாகப் பார்த்து உட்கார்ந்தேன்.

"ஏனுங்க, எம் புருசனுக்குக் காலண்டரு எழுதிக் குடுத்த மகராசரு நீங்கதானுங்களா? ஊட்டுல கொழந்தைக்குக் காச்சலு. அது உங்க ரெண்டு சூரியனையும் கேட்டுட்டு வருதாக்கு?"

தராசண்ணன் அவளை உள்ளே நாற்காலியில் உட்காரச் சொன்னார். என்ன பேசினார் என்று எனக்குக் கேட்கவில்லை. கொஞ்ச நேரத்தில் செல்வராசுவுக்குப் போன் போட்டார். அது கேட்டது, ஏனென்றால் கத்தினார். "சாமி, கொழந்த தூக்கி நடக்கறவங்கள முன்னால உடோணும். அது அங்கத்த சட்டம். நாளு முடியலீன்னாலும் நீ நட!" ராணி வெளியே வரும்போது கையில் டீ டம்ளர். முகத்தில் சிரிப்பு. அன்று மாலை குரூப்பில் ஒரு புது நம்பர்: 'நான் ராணி. காச்சல் கொறஞ்சுருச்சு. வந்துட்டனுங்க.' எங்கே வந்தாள்? வீட்டில்தானே இருந்தாள்? ஆனாலும் அத்தனை பேரும் கும்பிட்டார்கள்.

என் வீடும் விழுந்தது. ஒருநாள் மதியம் நான் சாப்பிட உட்கார்ந்தபோது என் மனைவி சரசு, "இருங்க, ஈரோட்டு வண்டி இன்னும் வந்துட்டனுங்க போடல" என்றாள். இத்தனை வருசமாக ஒருநாளும், நீங்கள் இன்று பெஞ்சில் என்ன சொன்னீர்கள் என்று அவள் கேட்டதில்லை. கையில் சோற்றை வைத்துக்கொண்டு ஈரோட்டு வண்டிக்காகக் காத்திருந்தேன்.

பெஞ்சு காலியாகிவிட்டது. இருப்பவனும் காதில் போனை வைத்துக்கொண்டிருந்தான். ஒரு பேச்சுக்காரனுக்கு இதைவிடப் பெரிய நஷ்டம் வேறு இல்லை. கேட்க ஆளில்லாவிட்டால் நான் வெறும் கிளார்க்.

ஒருநாள் நேராகவே போய் மடக்கினேன். "ஏனுங்க தராசண்ணா, உங்க காலண்டருல ஒரு ஓட்ட இருக்குதுங்க. அந்தக் கடைசியார் ஒரு ஆளுக்காக இத்தன பேரு எதுக்குக் காத்துக் கெடக்கோணும்? உட்டுப்போட்டுப் போகலாமில்ல?"

அவர் முழங்காலைத் தடவிக்கொண்டே சொன்னார். "போகலாமுங்க. ஆனா முன்னால போறவன் வழியப் பாத்துக்கிட்டே போயிருவான். கடைசியார்தான் வழியில கெடக்கற அத்தன பேருகிட்டயும் நின்னு பேசிட்டு வாறவரு. அதனாலதான அவரு கடைசி. அவரு வரலீன்னா, அன்னிக்கி என்ன நடந்துச்சுன்னே ஒருத்தருக்கும் தெரியாதுங்க."

மடக்கப் போனவன் மடங்கித் திரும்பி வந்தேன். அதனால் இன்னும் எரிச்சலாக இருந்தது.

அதன் பிறகுதான் அந்த நாள் வந்தது. மாலையில், நாள் முடிவதற்கு முன்பே பெயரை மட்டும் சொல்லிக் குரூப்பில் அவர் குரல். "இன்னிக்கி நாளு பேரு, கோழி முட்டையத் திருப்பி எடுத்த நாளு."

எனக்குத் தலை கிர்ரென்றது. பாவாயி அக்கா பேச்சு! நான் பொறுக்கியது! என் பெஞ்சில் செல்வராசுவுக்கு மூக்கில் டீ வரவழைத்தது! அப்போதுதான் பழசெல்லாம் வரிசையாக ஞாபகம் வந்தது. மாமியார் சிரித்ததும், கொழுந்தனார் கொட்டாவியும் எல்லாம் நான் எப்போதோ பெஞ்சில் உதிர்த்தவை. ரோட்டைத் தாண்டிப் போய் ஜன்னலைத் தட்டினேன்.

"இது என்ற முட்டைங்க!"

"உங்க முட்டதானுங்க" என்றார் சாந்தமாக. "உங்க கொரலு லாரி ஹாரனத் தாண்டி வருது. நான் என்ன காத மூடிக்கிட்டா உக்கார முடியும்?"

"அப்பறம் எதுக்குங்க கடைசியார் சொன்னாருன்னு ஊரெல்லாம் சொல்றீங்க? ஆருங்க அந்தக் கடைசியார்? நாஞ் சொன்னதுக்கு அவனுக்குப் பேரா?"

அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். நான் நிற்கவில்லை. வழக்கமாக ஆபீஸ் ஷட்டரை இழுத்துவிட்டு வீட்டுக்குப் போகும்போது, டயர்க்கடை, டீக்கடை, முட்டைக்கடை எல்லாவற்றிலும் நின்று பேசிவிட்டு, கடைசியில் எடைமேடை ஜன்னலில் "வாரேன் தராசண்ணா" என்று சொல்லிவிட்டுத்தான் போவேன். அன்றிலிருந்து அந்தப் பக்கமே வேண்டாம் என்று பின்தெரு வழியாகப் போக ஆரம்பித்தேன். பின்தெருவில் பேச ஆளே இல்லை, ஒரு எருமையைத் தவிர. நேரத்தோடு வீடு சேர்ந்தேன். சரசு பயந்துபோய், "உடம்பு கிடம்பு செரியில்லீங்களா?" என்று நெற்றியில் கை வைத்துப் பார்த்தாள்.

மறுநாள் மாலை எல்லா வண்டியும் 'வந்துட்டனுங்க' போட்டுவிட்டன. தராசண்ணன் குரல்: "கடைசியார் இன்னும் வரலீங்க. அதே நாளுதானுங்க."

குரூப் பதறிவிட்டது. எந்த வண்டி? யாருக்கு என்ன? ஒவ்வொருவனும் மற்றவனுக்குப் போன் போட்டான். எல்லா வண்டியும் பத்திரமாகப் போய்ச் சேர்ந்திருந்தது. ராணியும் போட்டுவிட்டாள், தீவன ஆலை மேனேஜரும் போட்டுவிட்டார். அதற்கடுத்த மாலையும் அதே குரல், அதே நாள். கோழி முட்டையைத் திருப்பி எடுத்துக்கொண்டே இருந்தது. நாக்பூரிலிருந்து ஒருவன், "அண்ணா, அந்தக் கோழிக்கு வேற சோலியே இல்லீங்களா?" என்று கேட்டான்.

எனக்கோ கொண்டாட்டம். ஆள் அத்தனை பேரும் வந்தாகிவிட்டது, நாள் முடியவில்லை என்றால் காலண்டர் பிசகிவிட்டது என்றுதானே அர்த்தம்? பெஞ்சில் உட்கார்ந்து, இருந்த இரண்டொருவரிடம் சத்தமாகச் சொன்னேன். "பாத்தீங்களா? கணக்குத் தப்பிப்போச்சு. நெனச்ச ஊருன்னா நெனச்சபடியெல்லாம் இழுக்க முடியுமா?"

சொல்லி முடிக்கவில்லை, பாவாயி அக்கா வந்து நின்றார். இடுப்பில் கை.

"ஏஞ் சாமி, என்ற பேச்சுக்கா ரெண்டு ஆம்பளைங்க அடிச்சுக்கறீங்க?"

"அக்கா, உங்க பேச்ச அவரு எடுத்துக்கிட்டாருக்கா."

"நீ மட்டும் என்னையக் கேட்டுட்டா எடுத்த?"

பெஞ்சில் இருந்தவர்கள் சிரித்தார்கள். ரொம்ப நாளைக்குப் பிறகு என் பெஞ்சில் சிரிப்பு, அதுவும் என்னைப் பார்த்து.

"அது கெடக்குது," என்றார் அக்கா. "அந்தக் கடைசியார் ஆருன்னு யோசிச்சியா?"

"எந்த டிரைவரோ."

"டிரைவரா? இந்த ரோட்டுல கடைக்குக் கடை நின்னு வாயளந்துட்டு, எல்லாருக்கும் கடைசில ஊட்டுக்குப் போற ஆளு ஆரு சாமி? அந்த மனுசன் தெனமும் போனக் கையில புடிச்சுக்கிட்டு நீ வாற வழியத்தான் பாத்துக்கிட்டு உக்காந்திருப்பாரு. நீ வாரேன்னு சொன்ன பொறவுதான் பட்டன அமுக்குவாரு. ஊருக்கே தெரியும். உனக்குத் தெரியாதாக்கு?"

எனக்குத் தெரியாது. சத்தியமாகத் தெரியாது. அவர் போனைப் பிடித்திருந்தது எனக்கும் தெரியும். சிக்னல் தேடுகிறார் என்று நினைத்திருந்தேன்.

எழுந்தேன். ரோட்டைத் தாண்டினால் எடைமேடை. ஆனால் ரோட்டு ஓரத்திலேயே டயர்க்கடைக்காரர் பிடித்துக்கொண்டார். அவர் மச்சினனுக்கு ராசிபுரத்தில் பெண் பார்த்துவிட்டு வந்த கதை. விட முடியுமா? கேட்டேன். பிறகு ஒரு கிளீனருக்கு அவன் லோடு சீட்டில் இருந்த ஊர்ப்பெயரைப் படித்துச் சொன்னேன். ஜன்னலுக்குப் போய்ச் சேர்ந்தபோது சாயந்தரம் ஆகிவிட்டது. அவர் போனும் கையுமாக உட்கார்ந்திருந்தார்.

"ஏனுங்க இத்தன நேரம்? அக்கட்ட இருந்து இக்கட்ட வாறதுக்கு?"

"டயர்க்கடைக்காரரு மச்சினனுக்குப் பொண்ணு பாக்கப் போயிருந்தாருங்க."

அவர் முன்னால் சாய்ந்தார். சின்னப் பிள்ளை மாதிரிக் கண் விரிந்தது. "என்னங்க ஆச்சு?"

"மாப்ள வேண்டாம்னு பொண்ணே நேருல சொல்லிப்போடுச்சாம். சொல்லிட்டு, 'தூரத்துல இருந்து வந்திருக்கீங்க'ன்னு பலகாரத்தப் பொட்டலங்கட்டிக் குடுத்துச்சாம். மச்சினன் பஸ்ஸுல வரும்போதே பாதியத் தின்னுட்டு, 'இவளையேதான் கட்டுவேன்'னு அழுவுறானாம்."

தராசண்ணன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அத்தனை பக்கத்தில், என் கதைக்கு அவர் சிரித்து நான் பார்த்ததே இல்லை. இத்தனை நாளும் ரோட்டுக்கு அந்தப் பக்கம் தனியாக உட்கார்ந்து இப்படித்தான் சிரித்திருக்க வேண்டும்.

"வந்துட்டேன்னு சொல்லுங்க" என்றார்.

"எதுக்குங்க?"

"சொல்லுங்க சாமி. கோழி பாவம்."

"வந்துட்டனுங்க" என்றேன். அவர் பட்டனை அமுக்கினார். "கடைசியார் வந்துட்டாருங்க. கொஞ்சம் கோவத்துல வேற வழியாப் போயிட்டாரு. நாளு முடிஞ்சுது. இன்னிக்கி நாளு பேரு, மாட்டேன்னு சொல்லிப் பலகாரம் குடுத்த நாளு."

குரூப்பில் கும்பிடும் கைகள் மழையாகக் கொட்டின. எல்லாம் அவருக்குத்தான். எனக்கு ஒன்றுகூட இல்லை. கதை என்னுடையது, பலகாரம் அந்தப் பெண்ணுடையது, கும்பிடு அவருக்கு. உலகம் இப்படித்தான் நடக்கிறது. ஆனால் அன்றிலிருந்து பெஞ்சில் ஆள் சேர்ந்தது. "கடைசியார் அண்ணா, இன்னிக்கி என்ன கேட்டீங்க?" என்று செல்வராசுவே வந்து உட்கார்ந்தான். நான் இங்கே சொல்ல, அவர் அங்கே பெயர் வைக்க, அப்படியே ஓடியது.

இப்போது அவர் எடைமேடையில் இல்லை. முழங்கால்கள் ஒரேயடியாக மறுத்துவிட்டன. ஓசூரில் இருக்கும் மகள் காரைக் கொண்டுவந்து, ஆபரேஷன் செய்ய அழைத்துப் போய்விட்டாள். ஒரு ஊரையே சாமிக்குப் பின்னால் நடக்க வைத்த மனிதரை, காரில் ஏற்ற நாலு பேர் பிடிக்க வேண்டியிருந்தது. கார் கதவை மூடும்போது ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினார், பழக்கதோஷம்.

"நாளப் பாத்துக்கங்க. வாரேனுங்க."

அன்று நாளுக்குப் பெயர் வைக்கிற பொறுப்பு எனக்கு வந்தது. 'முழங்கால் லீவு கேட்ட நாள்' என்று வைத்தேன். சுமாரான பெயர்தான். அவர் இருந்திருந்தால் இன்னும் கொஞ்சம் மெருகு ஏற்றியிருப்பார்.

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததாம். கைத்தடியோடு அறைக்குள் நடக்கிறாராம், ஆனால் மெதுவாகத்தான் நடக்கிறாராம். எடைமேடையில் இப்போது இருக்கிற ஆள் நல்லவர், வேகமானவர், ஒரு வார்த்தை பேசமாட்டார். தினமும் மாலையில் எல்லா வண்டியும் 'வந்துட்டனுங்க' போட்டதும், குரூப்பில் யாராவது கேட்பார்கள்: "நாளு முடிஞ்சுதுங்களா?" நான்தான் பதில் போடுகிறேன். "இல்லீங்க. கடைசியார் வரலீங்க. அதே நாளுதானுங்க." காலண்டர்காரர்கள் என்ன தாளைக் கிழித்தாலும் சரி, சங்ககிரியில் இன்றைக்கும் முழங்கால் லீவு கேட்ட நாள்தான்.

பொறாமைப்பட எனக்குக் காரணமா இல்லை? என் பெஞ்சை எடுத்தார், என் குரூப்பை எடுத்தார், என் வீட்டுச் சோற்றைக்கூட நிறுத்திவைத்தார். கடைசியாக வருவது என்று ஒரே ஒரு இடம்தான் எனக்கென்று இருந்தது. அதையும் தூக்கிக்கொண்டு போய் ஓசூரில் உட்கார்ந்திருக்கிறார். ஆபீஸ் வாசல் பெஞ்சில் ஒரு ஆள் உட்கார இடம் விட்டுத்தான் நான் உட்காருகிறேன். மெதுவாகவே நடந்து வரட்டும். அதுவரைக்கும் இங்கே ஒருத்தருக்கும் ஒரு நாள்கூடக் கழியப்போவதில்லை.